மலையூரில் தூரமே சம்பளம்!

பெரம்பலூர், அரியலூர்த் தோழர்களுக்குப் பள்ளிக்கூடத்தின் அருமையை நாம் எடுத்துச் சொல்லத் தேவையில்லை. சுண்ணாம்புக்கல் உடைத்த கைகளும் மானாவாரிக் காட்டில் காய்த்துப்போன கைகளும் அதை நன்கு அறியும். திருச்சி ஜில்லாவின் ஓரத்தில் கிடந்த இந்த வறண்ட சீமையில், உயர்நிலைப்பள்ளி என்றால் ஒரு காலத்தில் ஜில்லா போர்டு எங்கோ ஓர் ஊரில் நடத்தியதுதான். மூட்டை கட்டிக்கொண்டு போய்த் தங்கிப் படிக்க வேண்டும். மாதம் தவறாமல் சம்பளமும் கட்ட வேண்டும். கட்ட முடிந்தவன் மகன் குமாஸ்தா ஆனான். முடியாதவன் மகன் ஐந்தாம் வகுப்போடு மண்வெட்டி எடுத்தான்.

அந்த ஐந்தாம் வகுப்பையும் பாதியாக்கப் பார்த்தார் ஆச்சாரியார்! 1953 இல், கிராமத்துப் பிள்ளை மூன்று மணி நேரம் படித்தால் போதும், மிச்ச நேரம் அப்பன் தொழிலைப் பழகட்டும் என்றார். பெரியார் எதிர்த்தார், நாடே எதிர்த்தது. அந்த ஜூலையில் கழகம் நடத்திய மும்முனைப் போராட்டத்தில் ஒரு முனை இந்தக் குலக்கல்விக்கு எதிரானது. மற்றொரு முனை, நம் அரியலூர் - திருச்சி ரயில் பாதையில் உள்ள கல்லக்குடி. கலைஞர் தண்டவாளத்தில் படுத்தது அங்கேதான். 1954 இல் ஆச்சாரியாரும் போனார், திட்டமும் போயிற்று.

பின்னர் காமராசர் வந்தார். ஊர் ஊராகப் பள்ளி திறந்தார். 1956 இல் மதிய உணவு போட்டார். பள்ளியிறுதி வகுப்புவரை ஏழைப் பிள்ளைகளின் சம்பளத்தை ஒழித்தார். அவர் வேறு கட்சிதான். இருந்தால் என்ன? நல்லதை நல்லது என்று சொல்ல நமக்கு நாக்கூசவில்லை.

சமவெளியில் சம்பளம் ஒழிந்தது. பச்சைமலையில் ஒழிந்ததா? மலையாளிப் பழங்குடி மக்களின் சிற்றூர்களில் நின்று கேளுங்கள்! அங்கே தூரமே சம்பளம். மழை பெய்தால் வழி அடைபடும். பேருந்தைத் தவறவிட்டால் அன்றைய பாடம் போச்சு. உண்டு உறைவிடப் பள்ளி இருக்கிறது என்பார்கள். இருக்கிறது, மறுக்கவில்லை. ஆனால் சமையலுக்கு ஆளும் கழிப்பறைக்குத் தண்ணீரும் காப்பாளரும் இருந்தால்தானே ஒரு தாய் வயது வந்த மகளை அங்கே விட்டுவிட்டு நிம்மதியாக உறங்குவாள்?

சட்டம் என்ன சொல்கிறது? 2009 ஆம் ஆண்டுக் கல்வி உரிமைச் சட்டத்தின் வழி வந்த விதிகள் தொடக்கப்பள்ளிக்கு 1 கிலோமீட்டர், நடுநிலைக்கு 3 கிலோமீட்டர் என்று அளந்து சொல்கின்றன. பிள்ளைக்கு 14 வயதானதும் அந்தச் சட்டம் வாய்மூடிக் கொள்கிறது. ஒன்பதாம் வகுப்பு எத்தனை மைலில் இருந்தாலும் அதற்குக் கவலையில்லை! அப்பன் தொழில் மலைப்பிள்ளையைக் கைபிடித்து இழுப்பதும் சரியாக அந்த வயதில்தான்.

இந்த நிலையில் டில்லியின் 2020 ஆம் ஆண்டுக் கல்விக் கொள்கை, பிள்ளைகள் குறைந்த சிறு பள்ளிகள் சிக்கனமாகா, அவற்றைத் தொகுக்க வேண்டும் என்கிறது. சமவெளியில் அதற்குப் பெயர் இணைப்பு. மலையில் அதற்குப் பெயர் மூடல்! அந்தக் கொள்கையை ஏற்றுக் கையெழுத்திட மறுத்ததற்காக 2024-25 க்குரிய 2,152 கோடி ரூபாயைத் தமிழ்நாட்டுக்குத் தராமல் நிறுத்தினார்கள். நம் வரிப்பணத்தை வைத்துக்கொண்டு நம்மிடமே பேரம்!

டில்லியோடு வழக்காடுவது ஒரு பக்கம் நடக்கட்டும். நம் கிளைத் தோழர்கள் மலையேற வேண்டும். வரும் அக்டோபர் 2 கிராமசபைக்கு முன் வீடு வீடாகப் போய், எட்டாம் வகுப்பு முடித்த பிள்ளைகளில் யார் யார் ஒன்பதில் சேரவில்லை என்று பெயரோடு எழுதி வாருங்கள். சபையில் கணக்கை மட்டும் சொல்லுங்கள், பிள்ளைகளின் பெயர்கள் வேண்டாம். ஒரே ஒரு பிள்ளை விடுபட்டிருந்தாலும், பள்ளியோ பேருந்தோ விடுதியோ எது குறையோ அதைத் தீர்மானப் புத்தகத்தில் எழுதும்வரை இடத்தை விட்டு எழாதீர்கள்.