கடைசியாக வந்தவர்களை ஏன் அழைக்க வேண்டும்?

"வெற்றி தோல்வி முக்கியமல்ல, கலந்துகொள்வதே முக்கியம்" என்று ஆண்டுதோறும் நம் விளையாட்டு விழா மேடையில் சிறப்பு விருந்தினர் எவரேனும் சொல்லிவிடுகிறார். மாணவியரும் கை தட்டுகிறார்கள். அடுத்த பத்து நிமிடத்தில் கோப்பைகள் எல்லாம் வென்றவர்களுக்கே போய்ச் சேர்கின்றன. கடைசியாக ஓடி வந்த பெண்ணின் பெயரை ஒலிபெருக்கியில் யாரும் வாசிப்பதில்லை. இதைக் குறையாகச் சொல்லவில்லை. போட்டி என்றால் அப்படித்தான். ஆனால் அந்த மேடைப் பேச்சை நாம் மெய்யாகவே நம்புகிறோமா என்று உரைத்துப் பார்க்க ஒரு நல்ல உரைகல் இருக்கிறது. 2000ஆம் ஆண்டு செப்டம்பர் மாதம் சிட்னி நகரில் நடந்த ஒலிம்பிக் பந்தயத்திற்கு ஈக்குவடோரியல் கினி என்ற நாடு அனுப்பிய நீச்சல் அணிதான் அது. அணி என்றால் இரண்டே பேர். ஓர் ஆண், ஒரு பெண். அவர்களை அழைத்தது சரியா, தவறா? சரி என்பது என் கட்சி. எதிர்க்கட்சியினரிடமும் நியாயம் உண்டு, அதையும் சொல்கிறேன்.

உலகப் படத்தில் அந்த நாட்டைத் தேடினால் ஆப்பிரிக்காவின் மேற்குக் கரையில், காமரூனுக்குக் கீழே ஒரு சிறு கட்டமாகவும், கடலில் பியோகோ என்னும் தீவாகவும் தெரியும். 1968 வரை ஸ்பெயினின் ஆட்சியில் இருந்தது. இன்றும் ஸ்பானிய மொழி வழங்குகிறது. மக்களில் பெரும்பாலோர் கத்தோலிக்கர். பியோகோ தீவிலுள்ள மலாபோ நகரத்தைச் சேர்ந்தவர் எரிக் முசம்பானி. சிட்னிக்குப் போவதற்கு ஏறக்குறைய எட்டு மாதங்களுக்கு முன்புதான் அவர் நீச்சல் பழகத் தொடங்கினார். பந்தயத்துக்கு ஏற்ற குளம் அப்போது நாட்டில் கிடையாது. ஓர் ஓட்டலின் சிறிய குளத்தில் அதிகாலையில் மட்டும் அவரை அனுமதித்தார்கள். மற்ற வேளைகளில் ஆறும் கடலும். 50 மீட்டர் நீளமுள்ள ஒரு குளத்தை எரிக்கும், அவருடன் சென்ற பவுலா பரிலா பொலோபாவும் முதன்முதலாகப் பார்த்தது சிட்னியில்தான்.

நீந்தத் தெரியாதவர்களுக்கு இதன் பொருள் விளங்காது என்பதால் சற்று விளக்குகிறேன். சிறிய குளத்தில் கொஞ்ச தூரம் கை வீசினால் சுவர் வந்துவிடும். சுவரைக் காலால் உந்தித் தள்ளினால் உடம்பு அம்பு போல் பாதித் தூரம் தானே போய்விடும்; அந்த நேரத்தில் மூச்சும் திரும்பும். நீண்ட குளத்தில் அந்த உதவி இல்லை. கை ஓய்ந்தால் இடுப்பு தாழும். இடுப்பு தாழ்ந்தால் கால்கள் மூழ்கும். கால்கள் மூழ்கினால் முன்னிருந்ததைவிட இரு மடங்கு பாடுபட்டாலும் பாதி தூரம்கூட நகர முடியாது. களைத்தவர் மூச்சுக்காகத் தலையை உயர்த்துவார். உயர்த்திய தலையே உடம்பை இன்னும் கீழே இறக்கும். சிறு குளத்தில் பழகியவரை நேரே ஒலிம்பிக் குளத்தில் விடுவது, வீட்டு முற்றத்தில் சைக்கிள் பழகிய பிள்ளையை நெடுஞ்சாலையில் விடுவது போலத்தான்.

செப்டம்பர் 19ஆம் நாள் காலை, 100 மீட்டர் ஃப்ரீ ஸ்டைல் நீச்சலின் முதல் தகுதிச் சுற்று. மூன்றே பேர். எரிக்கோடு நைஜர் நாட்டவர் ஒருவரும் தஜிகிஸ்தான் நாட்டவர் ஒருவரும் நின்றார்கள். அவ்விருவரும் ஒலி எழும் முன்பே குதித்துவிட்டதால் விலக்கப்பட்டார்கள். ஆக, சுமார் 17,000 பேர் பார்த்திருக்க, எரிக் தன்னந்தனியாக நீந்த வேண்டியதாயிற்று. முதல் 50 மீட்டர் ஓரளவு போயிற்று. திரும்பி வரும்போது கைகள் கனத்துவிட்டன. கடைசி 15 மீட்டரில் நகர்கிறாரா நிற்கிறாரா என்றே ஐயம். முதலில் சிரித்த கூட்டம் பிறகு எழுந்து நின்று ஆரவாரித்தது. 1 நிமிடம் 52.72 விநாடியில் அவர் சுவரைத் தொட்டார். அதே நாள், அதே குளத்தில், அதே பந்தயத்தின் அரையிறுதியில் நெதர்லாந்தின் பீட்டர் வான் டென் ஹூகன்பான்ட் 47.84 விநாடியில் நீந்தி, 48 விநாடிக்குள் அத்தூரத்தைக் கடந்த முதல் மனிதரானார்.

மூன்று நாட்கள் கழித்துப் பவுலாவின் முறை. பெண்கள் 50 மீட்டர் ஃப்ரீ ஸ்டைல். குளத்தின் ஒரே ஒரு நீளம். உலகின் விரைவான பெண்கள் ஏறக்குறைய 25 விநாடியில் முடித்துவிடும் தூரம். பவுலாவுக்கு 1 நிமிடம் 3.97 விநாடி ஆயிற்று. ஒலிம்பிக்கில் அத்தூரத்துக்கு அதுவரை பதிவான நேரங்களில் மிக மெதுவானது அதுதான். அதே நாளில் நெதர்லாந்தின் இங்கே டி புரூய்ன் 24.13 விநாடியில் உலக சாதனை படைத்தார். இரண்டையும் அருகருகே எழுதிப் பார்த்தால் பவுலாவை நினைத்து நமக்கே கூச்சமாயிருக்கிறது அல்லவா? அவரும் முழுத் தூரத்தையும் நீந்தி முடித்தார். கயிற்றைப் பிடித்துக்கொண்டு நின்றுவிடவில்லை.

எரிக்குக்குப் பத்திரிகைகள் 'விலாங்கு மீன்' என்று பட்டப்பெயர் சூட்டின. அன்பாகத்தான் சூட்டினோம் என்றார்கள். அந்த அன்பு எனக்குப் பிடிக்கவில்லை. வென்றவனை அவன் பெயரால் அழைப்பதும், தோற்றவனை வேடிக்கைப் பெயரால் அழைப்பதும் எந்த ஊர் அன்பு? ஆயினும் அந்த வேடிக்கையில் எரிக்கின் பெயர் உலகெங்கும் பரவியது, பேட்டிகள் வந்தன. பவுலா செய்ததும் அதே செயல்தான், பட்டதும் அதே பாடுதான். இன்று அவர் பெயர் எத்தனை பேருக்கு நினைவிருக்கிறது? சிரிப்பிலும் ஆணுக்குத்தான் முதல் பங்கு போலும்!

இனி எதிர்க்கட்சியின் வாதம். ஒலிம்பிக் என்பது உலகின் மிகச் சிறந்தவர்கள் கூடும் இடம். இரண்டு விநாடி பிந்தியதால் வீட்டில் இருக்க நேர்ந்த அமெரிக்கப் பெண்ணும் ஆஸ்திரேலியப் பெண்ணும் இருக்கையில், நீந்தவே திணறுகிறவருக்கு இடம் கொடுப்பது நியாயமா என்று கேட்கிறார்கள். 2001இல் சர்வதேச ஒலிம்பிக் குழுவின் தலைவரான ஜாக் ரோக்கே, மக்கள் இதை ரசித்தாலும் தமக்கு இது பிடிக்கவில்லை என்ற கருத்தை ஒளிக்காமல் சொன்னார். பாதுகாப்பைப் பற்றிய கேள்வியும் உண்டு. 100 மீட்டரை ஒருமுறைகூட முழுதாக நீந்திப் பாராதவரை ஆழமான குளத்தில் குதிக்கச் செய்வது ஆபத்தல்லவா? இந்தக் கடைசிக் கேள்விக்கு முன் நான் தலை வணங்குகிறேன். அது சரியான கேள்வி. ஆனால் அதற்கு விடை, அழைக்காமலிருப்பதல்ல. அழைப்புக் கடிதத்தோடு ஒரு பயிற்சியாளரையும், நீந்திப் பழக ஒரு குளத்தையும், ஒரு வருட அவகாசத்தையும் கொடுப்பதே. கலியாணத்துக்கு வா என்று சொல்லிவிட்டு வழிச்செலவுக்கு வழியில்லாதவனை நடந்து வரச் செய்தால், அவன் புழுதிக் காலோடு பந்தியில் உட்காருவதைப் பார்த்துச் சிரிப்பவர்மேல்தான் குற்றம்.

முதல் வாதத்துக்கு வருவோம். சிறந்தவர்கள் மட்டும் வந்தால் போதும் என்பவர்கள், சிறந்தவர்கள் எப்படி உண்டாகிறார்கள் என்பதை மறந்துவிடுகிறார்கள். தென்னமெரிக்காவில் சுரினாம் என்று ஒரு சிறு நாடு. 1988இல் அந்த நாடு முழுவதற்கும் 50 மீட்டர் குளம் ஒன்றுதான். அங்கிருந்து வந்த ஆன்டனி நெஸ்டி என்ற இளைஞர் சியோல் ஒலிம்பிக்கில் 100 மீட்டர் பட்டர்ஃபிளை நீச்சலில், புகழ்பெற்ற அமெரிக்கரான மாட் பியான்டியை ஒரு விநாடியில் நூறில் ஒரு பங்கு வித்தியாசத்தில் வென்று தங்கம் பெற்றார். சிறு நாடு என்பதால் திறமை சிறியதாகிவிடாது. ஆனால் நேர்மையாகச் சொல்ல வேண்டும்: நெஸ்டி அமெரிக்காவில் ஒரு பள்ளியில் சேர்ந்து அங்கே பயிற்சி பெற்றார். அந்த வாய்ப்பு எரிக்குக்கும் பவுலாவுக்கும் கிடைக்கவில்லை. வித்தியாசம் இரத்தத்தில் இல்லை, குளத்தில் இருக்கிறது.

இன்னும் கொஞ்சம் பின்னால் போனால் சிட்னி நகரமே இதற்குச் சாட்சி சொல்லும். ஒலிம்பிக்கில் பெண்களுக்கு நீச்சல் முதன்முதலாக வைக்கப்பட்டது 1912இல், ஸ்டாக்ஹோம் நகரில். சிட்னியைச் சேர்ந்த ஃபேனி டுராக்கும் மீனா வைலியும் போக விரும்பினார்கள். ஆண்கள் பார்க்கும் இடத்தில் பெண்கள் நீந்தக்கூடாது என்று தடுத்தது யார் தெரியுமா? அவ்வூர்ப் பெண்கள் நீச்சல் சங்கமேதான்! பெண்களை அனுப்புவது வீண் செலவு என்றும் பேசினார்கள். பொதுமக்கள் குரல் எழுப்பிய பிறகே விதி தளர்ந்தது. சொந்தப் பணம் சேர்த்து, துணைக்கு ஆள் அழைத்துக்கொண்டு கப்பலேறிய அந்த இரண்டு பெண்களில் டுராக் தங்கமும் வைலி வெள்ளியும் பெற்றார்கள். அன்று தகுதி பேசிக் கதவை அடைத்திருந்தால் இரண்டு பதக்கங்களும் சிட்னித் துறைமுகத்திலேயே நின்றிருக்கும்.

நம்மவர் கதையும் இதற்கு அப்பாற்பட்டதல்ல. 1952இல் ஹெல்சிங்கி சென்ற இந்திய அணியில் டாலி நசீரும் ஆரத்தி சாஹாவும் நீந்தினார்கள். ஆரத்திக்கு அப்போது வயது 11. பதக்கத்தின் அருகில்கூடப் போகவில்லை. ஆனால் 1959இல் அதே ஆரத்தி ஆங்கிலக் கால்வாயை நீந்திக் கடந்து, அதைச் செய்த முதல் ஆசியப் பெண்ணானார். இன்னொன்றும் சொல்கிறேன். ஈக்குவடோரியல் கினியைப் பார்த்துச் சிரிப்பவர்கள் சற்றுப் பொறுங்கள். தகுதி நேரத்தை எட்டாத நாடுகளும் ஓர் ஆணையும் ஒரு பெண்ணையும் அனுப்பலாம் என்ற அதே சலுகை வழியாகத்தான், டோக்கியோ ஒலிம்பிக்கிற்காக 2021இல் இந்தியாவின் மானா பட்டேல் சென்றார். 2024இல் பாரிசுக்குச் சென்ற ஸ்ரீஹரி நடராஜும், பெங்களூரைச் சேர்ந்த தினிதி தேசிங்குவும் அவ்வழியே சென்றவர்கள்தாம். தினிதிக்கு வயது 14. நம் ஒன்பதாம் வகுப்புப் பெண்களின் வயது. 200 மீட்டர் ஃப்ரீ ஸ்டைலை 2 நிமிடம் 6.96 விநாடியில் நீந்தி 23ஆம் இடம் பெற்றார். நூற்று நாற்பது கோடி மக்களுள்ள நாட்டுக்கும், மிகச் சிறிய நாட்டுக்கும் கதவு ஒன்றே. அந்தக் கதவை மூடச் சொல்ல நமக்கு எந்த உரிமையும் இல்லை.

எரிக் அதன் பிறகும் நீச்சலை விடவில்லை. 2004ஆம் ஆண்டுக்குள் 100 மீட்டரை 57 விநாடிக்குள் நீந்தும் அளவுக்கு முன்னேறினார். அதாவது நான்கு ஆண்டுகளில் தம் பழைய நேரத்தைப் பாதியாக்கிவிட்டார். விசா தாள்களில் ஏற்பட்ட குளறுபடியால் ஏதென்ஸ் போக முடியவில்லை. சிட்னியில் அவரைப் பார்த்துச் சிரித்த உலகம் இந்த 57 விநாடியைப் பார்க்கவே இல்லை. இதுதான் எனக்கு இந்தக் கதையில் பொறுக்க முடியாத பகுதி. 2012இல் அவர் தம் நாட்டு நீச்சல் அணியின் பயிற்சியாளராக நியமிக்கப்பட்டார். அந்த நாட்டில் பின்னர் 50 மீட்டர் குளங்களும் கட்டப்பட்டன.

பெற்றோர்களுக்கும் ஒரு வார்த்தை; இதை அருட்சகோதரியர் தவறாக எண்ணமாட்டார்கள் என்று நம்புகிறேன். "பெண் பிள்ளைக்கு நீச்சல் எதற்கு? கறுத்துப் போவாள், தலைமுடி கொட்டும், உடை சரியில்லை" என்ற பேச்சு நம் வீடுகளில் இன்றும் கேட்கிறது. 1912இல் சிட்னியில் கேட்ட பேச்சுக்கும் இதற்கும் அதிக தூரமில்லை. ஒலிம்பிக்கை விடுங்கள். 2021ஆம் ஆண்டில் மட்டும் உலகில் சுமார் 3 லட்சம் பேர் நீரில் மூழ்கி இறந்தார்கள் என்பது உலக சுகாதார நிறுவனத்தின் மதிப்பீடு. ஆறும் குளமும் கிணறும் உள்ள ஊர்களில் வாழும் நாம் கோலமும் தையலும் சொல்லிக்கொடுப்பது போல இதையும் சொல்லிக்கொடுக்க வேண்டாமா? முழு உடம்பையும் மூடும் நீச்சலுடை கடைகளில் கிடைக்கிறது. கூந்தலுக்கு ரப்பர் தொப்பி இருக்கிறது. கறுப்பதைப் பற்றி, கறுப்பாயிருக்கும் என்னிடம் கேட்காதீர்கள்.

வரும் கோடை விடுமுறையில் உங்களுக்கு அருகிலுள்ள பொது நீச்சல் குளத்துக்கு ஒருநாள் மாலை போய், பெண்களுக்கென்று தனி நேரமும் பெண் பயிற்சியாளரும் உண்டா, மாதக் கட்டணம் எவ்வளவு என்று விசாரித்துப் பாருங்கள். இல்லை என்றால் ஒரு பத்துத் தாய்மார் சேர்ந்து அதிகாரிக்கு மனு எழுதிக் கொடுங்கள். மனு எழுதத் தெரியவில்லை என்பவர்கள் பள்ளிக்கு வாருங்கள். எட்டாம் வகுப்புத் தமிழ்ப் பாடத்திலேயே அது இருக்கிறது, உங்கள் பெண்ணே எழுதித் தருவாள்.