எத்தனை அவசரம், டாக்டர்?

“உங்கள் பெண்ணுக்குப் பிரசவம் ஆகிவிட்டதாமே! சுகப் பிரசவமா, சிஸேரியனா?”

குழந்தை ஆணா, பெண்ணா என்று விசாரிப்பதற்கு முன்பே இந்தக் கேள்வி வந்துவிடுகிறது. ‘சுகப் பிரசவம்’ என்றால் கேட்டவர் முகம் மலர்கிறது. ‘சிஸேரியன்’ என்று சொல்லிவிட்டாலோ, “அடடா!” என்று ஓர் அனுதாபம். அதன் பின்னாலேயே, “இந்தக் காலத்துப் பெண்களுக்கு வலி பொறுக்க எங்கே தெரிகிறது?” என்று ஒரு குத்தலும் வரும். ஆபரேஷன் ஆகிப் படுத்திருப்பவளின் காதில் அது விழுமே என்று யாரும் யோசிப்பதில்லை.

நம் ஊரில் இது நூற்றில் ஒருத்திக்கு நேர்கிற விஷயம் அல்லவே! 2019-21-ல் எடுத்த தேசியக் குடும்ப நல ஆய்வின்படி, தமிழ்நாட்டில் நூற்றுக்குச் சுமார் 45 பிரசவங்கள் சிஸேரியன்தான். தனியார் ஆஸ்பத்திரிகளில் 64; அரசாங்க ஆஸ்பத்திரிகளில் 36. இந்தியா முழுவதற்கும் சேர்த்துப் பார்த்தால் 21.5. “இத்தனையும் தேவைதானா?” என்று கேட்பது நியாயம். டாக்டர்களே கேட்கிறார்கள். ஆனால் அதைக் கேட்க வேண்டிய இடம் ஆஸ்பத்திரி. தையலோடு படுத்திருக்கும் பெண்ணின் கட்டிலருகே அல்ல.

சரி, ஆஸ்பத்திரியில் நாம் என்ன கேட்கிறோம்? நர்ஸ் வெளியே வந்து, “அவசரமாக ஆபரேஷன் செய்யவேண்டும், கையெழுத்துப் போடுங்கள்” என்கிறாள். உடனே பெண்ணின் தாயார் அழ ஆரம்பிக்கிறாள். சம்பந்தியம்மாளோ, “எல்லாம் பணம் பறிக்கத்தான்” என்று முணுமுணுக்கிறாள். இருவருக்கும் தெரிந்தது ‘அவசரம்’ என்ற ஒரே வார்த்தைதான். அந்த அவசரத்தில் நான்கு படிகள் உண்டு என்பதை அவர்களுக்கு யாரும் சொல்லவில்லை. இங்கிலாந்தில் 2000-ம் ஆண்டில் வகுத்துச் சொல்லப்பட்ட இந்த முறையை இன்று பல நாடுகளில் டாக்டர்கள் கையாளுகிறார்கள்.

முதல் படி, தாயின் உயிருக்கோ குழந்தையின் உயிருக்கோ அந்த நிமிஷமே ஆபத்து என்ற நிலை. பனிக்குடம் உடைந்ததும் தொப்புள் கொடி குழந்தைக்கு முன்னால் நழுவி வந்துவிடலாம். நஞ்சுக்கொடி முன்னதாகவே பிரிந்து ரத்தம் கொட்டலாம். குழந்தையின் இதயத் துடிப்பு இறங்கி, மறுபடி ஏறாமல் நின்றுவிடலாம். இப்படிப்பட்ட சமயத்தில் முடிவு செய்ததிலிருந்து பெரும்பாலும் 30 நிமிஷத்துக்குள் குழந்தையை எடுத்துவிட வேண்டும் என்பது கணக்கு. டாக்டர் ஓடுவார், நர்ஸ் ஓடுவாள், உங்களுக்கு விவரம் சொல்ல ஒருவருக்கும் நேரம் இராது. அப்போது வழிமறித்துக் கேள்வி கேட்காமல் இருப்பதுதான் நாம் செய்யக்கூடிய பேருதவி.

இரண்டாவது படியில் தாய்க்கோ குழந்தைக்கோ சிரமம் தொடங்கிவிட்டது. ஆனால் உயிர் உடனே ஊசலாடவில்லை. வலி எடுத்துப் பல மணி நேரமாகியும் பிரசவம் முன்னேறவில்லை, குழந்தையின் துடிப்பும் அவ்வளவு திருப்தியாக இல்லை என்றால் இந்த ரகம். இதற்கு 75 நிமிஷ அவகாசம் சொல்லப்படுகிறது. ஆகவே, இங்கே இரண்டு வார்த்தை பேச நேரம் உண்டு.

மூன்றாவது படி: இப்போதைக்கு இருவரும் சௌக்கியம். ஆனாலும் பிரசவத்தைத் தள்ளிப் போடுவது நல்லதல்ல. சிஸேரியனுக்கு நாள் குறித்திருந்தவளுக்கு அதற்கு முன்பே வலி கண்டுவிட்டால் இந்தப் படியில் வரும்.

நான்காவது படி, முன்கூட்டியே நாள் குறித்துச் செய்வது. முந்திய பிரசவங்கள் சிஸேரியனாக இருக்கலாம். குழந்தை தலை மேலும் கால் கீழுமாக இருக்கலாம். நஞ்சுக்கொடி கருப்பையின் வாயை அடைத்துக்கொண்டிருக்கலாம்.

ஆகவே சகோதரிகளே, நர்ஸ் காகிதத்தை நீட்டும்போது, “எத்தனை அவசரம், டாக்டர்? இதில் எந்தப் படி? என்ன காரணம்?” என்று கேளுங்கள். இதைக் கேட்டால் டாக்டருக்குக் கோபம் வராது. இன்னொன்று: வயது வந்த பெண்ணின் உடம்பில் ஆபரேஷன் செய்ய அவளுடைய சம்மதம்தான் முக்கியம். அவளை உள்ளே தனியே விட்டுவிட்டு, கணவனும் மாமனாரும் வராந்தாவில் கூடித் தீர்மானம் செய்வது முறையல்ல.

நாள் குறிப்பது என்றதும் உங்களில் பலருக்குப் பஞ்சாங்கம் ஞாபகம் வந்திருக்கும். நல்ல நட்சத்திரத்தில் குழந்தை பிறக்கட்டுமே என்று ஆசைப்படுவதில் தவறில்லை. ஆனால் தக்க காரணம் இல்லாமல் 39 வாரம் நிறைவதற்கு முன்னால் எடுத்தால், குழந்தை மூச்சுவிடச் சிரமப்படும் வாய்ப்பு அதிகம். நுரையீரல் முதிர்ச்சி பெறும் வாரங்கள் அவை. ரோகிணியோ திருவோணமோ, 39 வாரத்துக்குப் பிறகு வருகிற நாளாகப் பார்த்துக்கொள்ளுங்கள். ஜோசியருக்கு நட்சத்திரம் தெரியும், நுரையீரல் தெரியாது.

ஜூலியஸ் ஸீஸர் இப்படிப் பிறந்ததால்தான் இதற்கு இந்தப் பெயர் என்று ஒரு கதை உண்டு. அது நம்பத் தக்கதல்ல. ஸீஸர் பெரிய மனிதராகிப் படை நடத்திய காலத்தில் அவருடைய தாயார் அரேலியா உயிரோடு இருந்தாள். அந்த நாளில் தாய் இறந்த பிறகுதான் வயிற்றைக் கீறுவது வழக்கம். பின்னாளில் உயிருள்ள பெண்களுக்குச் செய்தபோதும் கருப்பையைத் தைக்காமலே விட்டுவிடுவார்கள். ரத்தப் பெருக்கிலும் சீழ் வைத்தும் இறந்தவர்கள் ஏராளம். 1882-ல் ஜெர்மனியில் மாக்ஸ் ஸேங்கர் என்ற டாக்டர் கருப்பையை ஒழுங்காகத் தைக்கும் முறையை விளக்கிச் சொன்னார். பிறகு ரத்தம் ஏற்றுவதும் சீழ் பிடிக்காமல் தடுக்கும் மருந்துகளும் வந்து சேர, பயங்கரமாக இருந்தது பத்திரமான ஆபரேஷன் ஆயிற்று.

பத்திரமானதுதான், சின்னதல்ல. தோல், கொழுப்பு, தசையை மூடிய உறை, வயிற்றின் உட்சவ்வு, கருப்பை என்று ஒவ்வொன்றாகத் திறந்து, மறுபடி தைத்து மூடுகிறார்கள். குழந்தை சில நிமிஷங்களில் வெளியே வந்துவிடும்; தையல் போடத்தான் அரைமணிக்கு மேல் ஆகும். “வலியே இல்லாமல் பெற்றுவிட்டாள்” என்று சொல்பவர்கள் இதை நினைத்துப் பார்க்க வேண்டும். அவளுடைய வலி, மருந்தின் வேகம் இறங்கிய பிறகு தொடங்குகிறது.

அந்த வலிக்கு மாத்திரை கொடுப்பார்கள். பாலில் கலந்து குழந்தையைக் கெடுக்குமோ என்று பயந்து அதை ஒளித்து வைக்க வேண்டாம். பால் கொடுக்கும் தாய்க்கு ஏற்றதைத்தான் டாக்டர் எழுதித் தருவார். வலியைப் பொறுத்துக்கொண்டு அசையாமல் கிடப்பதில் ஆபத்து உண்டு. காலில் ரத்தம் உறையலாம். மறுநாளே எழுந்து நாலு அடி நடக்கச் சொல்வது அதனால்தான். இருமும்போதும் சிரிக்கும்போதும் ஒரு தலையணையைத் தையல்மேல் மெல்ல அழுத்திப் பிடித்துக்கொண்டால் வலி குறையும்.

சிஸேரியன் ஆனால் பால் சுரக்காது என்பது தவறு. சில சமயம் ஒரு நாள் தாமதமாகப் பெருகும், அவ்வளவுதான். முதலில் வரும் சீம்பாலைப் பீய்ச்சிக் கொட்டாமல் குழந்தைக்கே கொடுங்கள். ஒருக்களித்துப் படுத்தோ, குழந்தையைக் கக்கத்துக்கடியில் அணைத்தோ கொடுத்தால் தையலில் இடிக்காது.

பத்தியம் என்ற பெயரில் தண்ணீரைக் குறைப்பது நம் வீடுகளில் இன்னும் இருக்கிறது. “தண்ணீர் குடித்தால் வயிறு தொங்கிவிடும்”, “பருப்புச் சாப்பிட்டால் தையலில் சீழ் வைக்கும்” என்பார்கள். இரண்டும் சரியல்ல. தண்ணீர் குறைந்தால் மலச்சிக்கல்தான் மிச்சம். முக்கினால் தையல் வலிக்கும். புண் ஆறுவதற்குப் பருப்பும் முட்டையும் கீரையும் அவசியம். முதுகில் போட்ட ஊசியால் ஆயுள் முழுவதும் முதுகு வலிக்கும் என்பதும் அப்படித்தான். ஊசி போட்ட இடம் சில நாள் வலிக்கலாம். நாள்பட்ட முதுகுவலி, ஊசி போடாமல் பெற்றவர்களுக்கும் வருகிறது. குனிந்து நிமிர்ந்து குழந்தையைத் தூக்குவதும், கூன் போட்டு உட்கார்ந்து பால் கொடுப்பதும் அதற்குப் போதுமான காரணங்கள்.

ஆறு வாரத்துக்குக் குழந்தையைவிடக் கனமான எதையும் தூக்கக் கூடாது. தண்ணீர்க் குடம், அரிசி மூட்டை, மூத்த குழந்தை எல்லாம் இதில் அடக்கம். வீட்டு ஆண்களுக்கு இதைப் பெரிய எழுத்தில் எழுதி ஒட்டிவிடலாம்.

ஜுரம், தையலில் சிவப்பு அல்லது சீழ், துர்நாற்றம், திடீரென்று மிகுந்த உதிரப் போக்கு, ஒரு காலில் மட்டும் வீக்கமும் வலியும், மூச்சுத் திணறல், எழுந்து உட்கார்ந்தால் தாங்க முடியாத தலைவலி - இவற்றில் எது கண்டாலும் காத்திருக்காமல் ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டும். இரண்டு வாரத்துக்கு மேல் அழுகையும், எதிலும் பிடிப்பில்லாமையும் நீடித்தால் அதுவும் டாக்டரிடம் சொல்ல வேண்டிய விஷயமே.

“ஒருமுறை சிஸேரியன் என்றால் எப்போதும் சிஸேரியன்தானா?” இல்லை. ஒரே ஒரு சிஸேரியன் ஆனவர்களில் தகுந்தவர்கள் அடுத்த முறை இயல்பாகப் பெற முயன்றால், நாலு பேரில் மூன்று பேருக்கு அது பலிக்கிறது. சுமார் 200-ல் ஒருத்திக்குப் பழைய தையல் விட்டுப் போகும் அபாயம் உண்டு. ஆகையால், உடனே ஆபரேஷன் செய்ய வசதியுள்ள ஆஸ்பத்திரியில்தான் முயல வேண்டும். அடுத்த கர்ப்பத்துக்கு இரண்டு வருஷமாவது இடைவெளி இருப்பது நல்லது.

கடைசியாக ஒரு காரியம். வீட்டுக்குப் புறப்படும் முன், “எனக்கு ஏன் ஆபரேஷன் செய்தீர்கள்? அடுத்த முறைக்கு என்ன யோசனை?” என்று டாக்டரிடம் கேட்டு, அதை டிஸ்சார்ஜ் காகிதத்தில் எழுதி வாங்கிக்கொள்ளுங்கள். தலைதெறிக்க நடந்த அந்த முதல் படி ஆபரேஷனாக இருந்தால், அப்போது கேட்க முடியாததை எல்லாம் இப்போது கேட்கலாம். என்ன நடந்தது என்று தெரிந்துகொண்டாலே மனத்திலுள்ள பாதிப் பயம் போய்விடும். அந்தக் காகிதத்தை ரேஷன் கார்டோடு பத்திரமாக வைத்திருங்கள். அடுத்த பிரசவத்துக்குப் போகும்போது டாக்டர் முதலில் கேட்பது அதைத்தான்.