சாச்சி வீட்டுப் பிள்ளைக்கு யார் பொறுப்பு?

2025 நவம்பர் இறுதியில் டித்வா புயலோடு வந்த மழை, நாட்டில் 600 இற்கும் அதிகமான உயிர்களைக் கொண்டு போனது. மாவட்டங்களில் அதிகம் இழந்தது நமது கண்டி. மண்சரிவு விழுந்த மலையோரங்களில் ஒரே வீட்டில் பலர் போனார்கள். அந்த நாட்களில் என் கைபேசிக்கும் ஒரு கேள்வி திரும்பத் திரும்ப வந்தது: “யதீம் பிள்ளைகள் எத்தனை பேர்? பட்டியல் தாருங்கள், விடுதியில் சேர்த்துப் படிப்பிக்கிறோம்.”

கேட்டவர்களின் நிய்யத்தில் எனக்குச் சந்தேகமில்லை. ஆனால் நான் விசாரித்தவரை அந்தப் பிள்ளைகள் யாரும் தெருவில் நிற்கவில்லை. உம்மும்மா வீட்டில், சாச்சி வீட்டில், மாமா வீட்டில் இருந்தார்கள். “பிள்ளையை எங்கே அனுப்பலாம்?” என்று கேட்ட எவரும், “பிள்ளையை வைத்திருக்கிற சாச்சிக்கு என்ன தேவை?” என்று கேட்கவில்லை.

உறவுக்குள் பிள்ளை வளர்வது நமக்குப் புதிதல்ல. நபி (ஸல்) அவர்கள் பாட்டனார் அப்துல் முத்தலிபிடமும், பிறகு பெரிய தந்தை அபூதாலிபிடமும் வளர்ந்தவர்கள். உஹதில் ஷஹீதான ஹம்ஸா (ரலி) அவர்களின் மகளைப் பொறுப்பேற்க அலி, ஜஃபர், ஸைத் (ரலி) மூவரும் உரிமை கோரினார்கள். பிள்ளையின் தாயுடைய சகோதரி ஜஃபரின் மனைவியாக இருந்ததால், அவரிடமே ஒப்படைக்குமாறு நபியவர்கள் தீர்ப்பளித்தார்கள். தாயின் சகோதரி தாயின் தகுதியில் இருப்பவர் என்பதே காரணம். இந்தச் சம்பவத்தை குத்பாக்களில் பலமுறை கேட்டிருக்கிறோம். அது ஒரு தீர்ப்பு என்பதை மட்டும் கவனிப்பதில்லை. உரிமை கோரிக்கை வந்தது, விசாரணை நடந்தது, பொறுப்பாளர் யார் என்பது எல்லோருக்கும் தெரிய அறிவிக்கப்பட்டது.

நமது ஊர்களில் நடப்பது அப்படியல்ல. ஜனாஸா முடிந்த கையோடு ஒரு சாச்சி பிள்ளையின் கையைப் பிடித்துக் கூட்டிப் போவார், அவ்வளவுதான். முதலாம் தரத்துக்கு விண்ணப்பிக்கும்போதுதான் சிக்கல் தொடங்கும். பெற்றோர் அல்லது சட்டப்படியான பாதுகாவலரின் பெயரில் வதிவிட ஆவணம் கேட்பார்கள். அடையாள அட்டை, வங்கிக் கணக்கு, சத்திரசிகிச்சைக்குக் கையெழுத்து என்று ஒவ்வொரு கட்டத்திலும் சாச்சி ஓர் அந்நியப் பெண்ணாகி விடுவார்.

இதற்கு வழி புதிதாகத் தேட வேண்டியதில்லை. 1939 ஆம் ஆண்டின் சிறுவர், இளம் ஆட்கள் கட்டளைச் சட்டத்திலேயே, பராமரிப்புத் தேவைப்படும் பிள்ளையை உறவினரிடமோ தகுதியான வேறொருவரிடமோ ஒப்படைத்து நீதிமன்றம் கட்டளை இட முடியும். 1941 இன் மகவேற்புச் சட்டத்தைப் போல பிள்ளையின் பெயரையோ நசபையோ இது மாற்றாது. மகவேற்பு என்றால் மார்க்கப் பிரச்சினை வருமே என்று ஒதுங்குபவர்கள் இந்த வழியைப் பற்றி யோசித்ததில்லை. சிறுவர் உரிமைகள் சமவாயத்தின் 20 ஆவது உறுப்புரையும் இஸ்லாமியச் சட்டத்தின் கஃபாலாவைப் பெயர் சொல்லியே ஒரு பராமரிப்பு முறையாக ஏற்கிறது. இலங்கை அதை 1991 இல் ஏற்றுக்கொண்டது. மத்திய மாகாண நன்னடத்தை, சிறுவர் பராமரிப்புத் திணைக்களம் இருப்பது கண்டியில்தான். பிரதேச செயலகத்துக்குப் போனால் சிறுவர் விவகாரங்களுக்குப் பொறுப்பான உத்தியோகத்தரைச் சந்திக்கலாம். அங்கு போவதை ஏதோ பொலிஸுக்குப் போவது போல நமது குடும்பங்கள் நினைக்கின்றன. “பிள்ளையைப் பறித்து ஹோமில் போட்டுவிடுவார்கள்” என்ற பயம் அது. அந்தப் பயம் வீண் என்று நான் சொல்ல மாட்டேன். வறுமை ஒன்றையே காரணமாக வைத்து இல்லங்களுக்கு அனுப்பப்பட்ட பிள்ளைகள் இந்நாட்டில் நிறையவே இருக்கிறார்கள். ஆனாலும் நாம் முந்திக்கொண்டு போய்ப் பேசினால்தானே உறவினர் வீடு ஒரு தெரிவாகக் கோவையில் பதியும்?

பேச வேண்டிய இன்னொன்று சொத்து. பாட்டனார் உயிரோடிருக்க வாப்பா மௌத்தாகி, சாச்சாவோ பெரியப்பாவோ இருந்தால், பாட்டனாரின் சொத்தில் பேரப்பிள்ளைக்கு வாரிசுப் பங்கு இல்லை. நமது 1931 ஆம் ஆண்டு வாரிசுரிமைச் சட்டமும் இந்த ஃபிக்ஹையே பின்பற்றுகிறது. ஆனால் மூன்றில் ஒரு பங்குக்குள் வஸிய்யத் எழுதவும், உயிரோடிருக்கும்போதே ஹிபா கொடுக்கவும் பாட்டனாருக்கு முழு உரிமை உண்டு. எழுதுபவர்கள் எத்தனை பேர்? வாப்பாவை இழந்த பிள்ளை, பிறகு பாட்டனாரும் போனதும் வீட்டையும் இழக்கிறது. ஊரில் எல்லோருக்கும் தெரிந்தே இது நடக்கிறது. நிவாரணமாகவும் நஷ்டஈடாகவும் பிள்ளையின் பெயரில் வரும் பணத்துக்கும் இதே ஆபத்து உண்டு. யதீமின் சொத்தைத் தன் சொத்தோடு கலந்து உண்பதைக் குர்ஆன் பெரும் பாவம் என்கிறது. கலக்காமல் வைக்க ஒரு தனிக் கணக்கும் கேள்வி கேட்க ஓர் ஆளும் வேண்டும்.

உறவு என்றாலே பாதுகாப்பு என்று எழுதிவிட்டுப் போகவும் என்னால் முடியவில்லை. பன்னிரண்டு வயதுப் பெண் பிள்ளை சாச்சி வீட்டுக்குப் போகும்போது, அங்கே சாச்சியின் கணவரும் வளர்ந்த மகன்மாரும் இருக்கிறார்கள். மஹ்ரம் சட்டத்தை நாம் நிறையப் பேசுகிறோம், ஆனால் அந்த வீட்டில் அந்தப் பிள்ளைக்குத் தனி அறை இருக்கிறதா என்று பார்ப்பதில்லை. ஏதாவது நடந்தால் குடும்ப மானம் என்று மூடிவிடுவோம். 1929 என்ற இலக்கத்துக்கு எடுப்பவரை ஊர்த் துரோகியாகப் பார்ப்போம். பிள்ளையை அந்த வீட்டில் விட்ட பிறகு மாதம் ஒரு தடவையாவது யாராவது போய், பிள்ளையோடு தனியாகப் பேச வேண்டும். பெண்ணாக இருந்தால் நல்லது. மஹல்லாவில் ஓய்வுபெற்ற ஆசிரியைகள், மருத்துவத் தாதிகள் இல்லாமலா இருக்கிறார்கள்?

பணத்துக்கு வருவோம். யதீம்கானாக்களை நான் குறை சொல்லவில்லை. மாகொலை போன்ற நிறுவனங்களில் படித்து முன்னுக்கு வந்தவர்கள் நம்மிடையே இருக்கிறார்கள். யாருமே இல்லாத பிள்ளைக்கு அவை வேண்டும். ஆனால் நமது ஸகாத்தும் ஸதகாவும் கட்டடமாக மாறும் வேகத்தில் வீடுகளுக்குப் போவதில்லை. கட்டடத்தில் பெயர்ப்பலகை வைக்கலாம், திறப்பு விழா வைக்கலாம். சாச்சியின் வீட்டுக்கு மாதாமாதம் போகும் ஒரு தொகைக்கு விழா இல்லை.

அக்குறணையிலோ மடவளையிலோ கம்பளையிலோ, ஒரு பள்ளிவாசல் நிர்வாகத்திடம் மஹல்லாவின் சந்தாப் பட்டியல் இருக்கும், மையித்துச் சங்கக் கணக்கும் இருக்கும். பெற்றோர் அல்லாதவர்களின் வீட்டில் வளரும் பிள்ளைகளின் பதிவு இருக்காது. வாப்பா உம்மா மௌத்தான பிள்ளைகள் மட்டுமல்ல, உம்மா மத்திய கிழக்கில், வாப்பா வேறு திருமணத்தில் என்றாகி, உம்மும்மாவிடம் விடப்பட்ட பிள்ளைகளும் அதில் வர வேண்டும். அவர்கள்தான் அதிகம் என்பது என் அனுபவம். அவர்களை யதீம் என்று யாரும் எழுதுவதில்லை, அதனால் எந்த உதவியும் அவர்களைத் தேடி வருவதுமில்லை.

மண்சரிவுக்குப் பிறகு அக்காவின் இரண்டு பிள்ளைகளைக் கூட்டி வந்த ஒரு சகோதரியைச் சந்தித்தேன். ஊரையும் பெயரையும் சொல்ல மாட்டேன். சொந்தப் பிள்ளைகள் மூவர், வாடகை வீடு. உலர் உணவுப் பொதி போதுமான அளவு வந்திருந்தது. என்ன தேவை என்று கேட்டதற்கு அவர் சொன்னது: “பிள்ளைகள் என்னிடம்தான் இருக்கிறார்கள் என்று பள்ளியிலிருந்து ஒரு கடிதம் எடுத்துத் தர ஏலுமா? பாடசாலையில் கேட்கிறார்கள்.”