வீரக்கதை மட்டும் போதுமா?

நேதாஜியைப் பற்றிப் பேசச் சொன்னால் நம் மேடைகள் அதிரும். தமிழ்ப்பள்ளியில் ஐந்தாம் ஆண்டு படிக்கையில் நானும் அப்படி முழங்கிப் பரிசு வாங்கியவன்தான். கோப்பையைக் காட்டியபோது தாத்தா சொன்னார்: "எங்கப்பா அந்தப் பட்டாளத்துலதான் இருந்தாரு. ஆனா, இப்படியெல்லாம் அவரு பேசினதே இல்லய்யா."

கொள்ளுத்தாத்தா பால்மரம் சீவியவர். ஜப்பானியர் ஆட்சியில் சயாம் மரண ரயில் பாதை போடத் தோட்டத்து ஆட்களைக் கொண்டுபோனார்கள். அதற்குத் தப்பவும், வயிற்றுக்குச் சோறு கிடைக்கும் என்றும்தான் இந்திய தேசிய இராணுவத்தில் சேர்ந்தாராம். நாட்டுப்பற்று பிறகு முகாமில் வந்ததாம்.

1945 பிப்ரவரியில் பர்மாவின் ஐராவதி ஆற்றங்கரையில், நியாங்கு, பகான் பகுதிகளைக் காத்து நின்றது குர்பக்ஷ் சிங் தில்லான் தலைமையிலான நேரு படைப்பிரிவு. அதில் அவரும் ஒருவர். பீரங்கியும் விமானமும் பிரிட்டிஷார் பக்கம். ஆற்றைக் கடந்து வந்த அவர்கள் படையிலும் இந்தியச் சிப்பாய்கள். பக்கத்துப் பதுங்குகுழியில் இருந்த தோட்டத்து நண்பரைக் குண்டு மண்ணோடு மூடிவிட்டது. தோண்டிப் பார்க்கவும் நேரமில்லை. "அப்புறம் கையைத் தூக்கிட்டோம்" என்று தாத்தாவிடம் ஒரே ஒருமுறை சொன்னாராம்.

"இதையெல்லாம் வெளியில சொல்லாதே" என்று சொந்தக்காரர்கள் தடுத்தார்கள். அதற்குப் பிறகு சாகும்வரை அவர் போரைப் பற்றி வாய் திறக்கவில்லை.

சிங்கப்பூரில் 1945-இல் எழுப்பப்பட்ட இந்திய தேசிய இராணுவ நினைவுச்சின்னத்தை அதே ஆண்டு பிரிட்டிஷார் தகர்த்தனர். அவர்கள் இடித்தது கல்லை. கொள்ளுத்தாத்தாவின் வாயை அடைத்தவர்களோ நாம்தான். தில்லானும் கேப்டன் லட்சுமியும் தம் நினைவுகளை நூலாக்கினர். எழுதப் பழகாத பால்மரத் தொழிலாளிக்குத் தேவைப்பட்டது, கேட்க ஒரு காது. நாமோ கைதட்டக் காத்திருந்தோம்.

பசியையும் சரணடைந்ததையும் சொன்னால் தியாகத்தின் மதிப்பு குறையும் என்பர் சிலர். நான் அப்படி நினைக்கவில்லை. அச்சமே அறியாதவன் போருக்குப் போனதில் என்ன வியப்பு? பயந்துகொண்டே ஆற்றங்கரையில் நின்ற பத்தொன்பது வயது இளைஞரைத்தான் நான் வணங்குகிறேன்.

அந்தத் தலைமுறை ஏறக்குறைய மறைந்துவிட்டது. அவர்களிடம் கதை கேட்ட பிள்ளைகள் இன்னும் நம் வீடுகளில் இருக்கிறார்கள். நண்பர்களே, இந்த விடுமுறையில் ஊருக்குப் போனால் அவர்கள் அருகில் உட்காருங்கள். "எப்படி வீரமாகச் சண்டை போட்டார்?" என்று கேட்காதீர்கள். "என்ன நடந்தது?" என்று கேளுங்கள். சொல்வதை அப்படியே எழுதி வையுங்கள்.