முதலில் நோட்டு, பிறகு மவுஸ்

பிள்ளைகளின் படிப்புக்காகவே கம்ப்யூட்டர் வாங்கும் குடும்பங்கள் எங்கள் தண்டையார்பேட்டையில் அதிகம். தவணையிலோ, செகண்ட் ஹேண்டிலோ வாங்கிய மறு வாரமே, "தம்பி, கம்ப்யூட்டர் வந்தாச்சு, கணக்கு டியூஷனை நிறுத்திடலாமா?" என்று கேட்கிறார்கள். சாப்ட்வேர் துறையில் இருப்பவன் "தாராளமாக" என்பான் என்ற எதிர்பார்ப்பு அவர்களுக்கு. கம்ப்யூட்டர் விடை தரும். கணக்குப் போடவும் கற்றுத் தருமா என்பது நாம் அதைப் பயன்படுத்தும் விதத்தில்தான் இருக்கிறது.

ஒரு சிறிய கணக்கை எடுத்துக் கொள்வோம். ஓர் இரண்டு இலக்க எண்ணின் இலக்கங்களைக் கூட்டினால் 9. இலக்கங்களை இடம் மாற்றிப் போட்டால் கிடைக்கும் எண், பழைய எண்ணை விட 27 அதிகம். அந்த எண் எது?

எக்ஸெல் அல்லது இலவசமாகக் கிடைக்கும் லிப்ரே ஆபீஸ் கால்க் புரோகிராமைத் திறந்து கொள்ளுங்கள். ஏ1 செல்லில் 10, ஏ2 செல்லில் 11 என டைப் செய்யுங்கள். இரண்டையும் செலக்ட் செய்து, ஓரத்தில் உள்ள சிறு கட்டத்தை மவுஸால் பிடித்து 90-வது வரிசை வரை இழுத்தால் 99 வரை எண்கள் நிரம்பிவிடும். பி வரிசையில், அந்த எண்ணைப் பத்தால் வகுத்து முழு எண்ணை மட்டும் எடுக்கும் இன்ட் பங்ஷன். சி வரிசையில், பத்தால் வகுத்தால் வரும் மீதியைத் தரும் மாட் பங்ஷன். இவைதான் நம் இரண்டு இலக்கங்கள். டி வரிசையில் இவற்றைக் கூட்டுங்கள். இ வரிசையில் சி-யைப் பத்தால் பெருக்கி பி-யைக் கூட்டினால் திருப்பிப் போட்ட எண் வரும். எப் வரிசையில் இ-யிலிருந்து ஏ-யைக் கழியுங்கள். டி-யில் 9, எப்-பில் 27 உள்ள வரிசை ஒன்றே ஒன்றுதான். அதில் உள்ள எண் 36.

விடை வந்துவிட்டது. ஆனால் இத்தோடு நிறுத்தினால் பையனுக்கு லாபம் இல்லை.

இப்போது கணக்கில் 27 என்பதை 20 என்று மாற்றுங்கள். எந்த வரிசையும் பொருந்தாது. பார்முலாவில் தவறா, கணக்கிலேயே தவறா? கம்ப்யூட்டர் சொல்லாது. நோட்டு சொல்லும். 36 என்பது 3 பத்தும் 6 ஒன்றும். அதுபோல, இலக்கங்கள் எக்ஸ், ஒய் என்றால் எண் 10 எக்ஸ் + ஒய். (இதை எக்ஸ்ஒய் என்று எழுதுவதுதான் பிள்ளைகள் வழக்கமாகச் செய்யும் தவறு. அல்ஜீப்ராவில் அது இரண்டையும் பெருக்கியதாகிவிடும்.) திருப்பிப் போட்டது 10 ஒய் + எக்ஸ். கழித்தால், ஒய்-க்கும் எக்ஸ்-க்கும் உள்ள வித்தியாசத்தின் 9 மடங்கு மட்டுமே மிஞ்சும். ஆக, வித்தியாசம் எப்போதும் 9-ன் மடங்குதான். 20 ஒருநாளும் வராது.

இது பரீட்சைக்கு மட்டும் உதவும் விஷயம் அல்ல. கடைக் கணக்கில் 27, 54 என்று 9-ஆல் வகுபடும் தொகை இடித்தால், எங்கோ 63-ஐ 36 என்று எழுதியிருக்கலாமோ என்று தேடுவது கணக்கு எழுதுபவர்களுக்குப் பழக்கமான வழி.

எங்கள் பக்கம் துறைமுகத்துக்குப் போகும் டிரெய்லர்களைப் பாருங்கள். ஒவ்வொரு கன்டெய்னரிலும் 4 எழுத்து, 6 இலக்கம், பிறகு ஒரு கட்டத்துக்குள் தனியாக ஓர் இலக்கம் இருக்கும். முதல் பத்து இடங்களையும் 1, 2, 4, 8 என்று 512 வரை பெருக்கி (எழுத்துகளுக்கும் எண் மதிப்பு உண்டு), கூட்டி, 11-ஆல் வகுத்தால் வரும் மீதிதான் அந்தக் கடைசி இலக்கம். மீதி 10 என்றால் 0. டைப் செய்யும்போது இரண்டு இலக்கங்கள் இடம் மாறினால் பெரும்பாலும் இது காட்டிக் கொடுத்துவிடும். ஏடிஎம் கார்டு எண்ணின் கடைசி இலக்கமும் இதே வேலையை வேறு முறையில் செய்கிறது.

கம்ப்யூட்டரில் தேடிப் பார்ப்பது தவறே அல்ல; புரோகிராமர்கள் தினமும் செய்வதுதான். ஆனால் 90 எண்களுக்கு அது போதும். 16 இலக்க எண் ஒன்றை இப்படித் தேடினால், வினாடிக்கு ஒரு கோடி எண்களைச் சோதித்தாலும் எல்லாவற்றையும் முடிக்க 28 ஆண்டுகளுக்கு மேல் ஆகும். அங்கே சமன்பாடு எழுதத் தெரிந்தவருக்குத்தான் வேலை.

இப்போது கணக்கைப் போட்டோ எடுத்து அனுப்பினால் படிப்படியாக எழுதித் தரும் ஏ.ஐ. சாட்பாட்களும் வந்துவிட்டன. பார்த்து எழுதும் பிள்ளைக்கு நோட்டு நிரம்பும், மண்டை நிரம்பாது. எனவே பெற்றோர்களுக்கு என் யோசனை இதுதான். முதலில் நோட்டில் சமன்பாட்டை எழுதட்டும். பிறகு ஒர்க் ஷீட்டில் சரிபார்க்கட்டும். இரண்டும் ஒத்துப் போகாவிட்டால் ஏன் என்று தேடட்டும். சாட்பாட்டைக் கடைசியில் கேட்கலாம். டியூஷனை நிறுத்துவதா என்பதை, பிள்ளை உதவியின்றிச் சமன்பாடு எழுதுவதைப் பார்த்த பிறகு முடிவு செய்யுங்கள்.

வீட்டுப்பாடம் ஒன்று. 1912 முதல் 1913 வரை நம் சென்னைத் துறைமுக அலுவலகத்தில் குமாஸ்தாவாக இருந்த கணித மேதை ராமானுஜன் பெயரோடு சேர்த்துச் சொல்லப்படும் எண் 1729. இதன் இலக்கங்களின் கூடுதல் 19. அதைத் திருப்பினால் 91. இரண்டையும் பெருக்கினால் மீண்டும் 1729! இதே குணம் உள்ள எண்களை 1 முதல் 2000 வரை ஒர்க் ஷீட்டில் தேடுங்கள். மொத்தம் நான்கு கிடைக்கும். 2000-க்கு மேல் எவ்வளவு தூரம் தேடினாலும் ஐந்தாவது கிடைக்காது. ஏன்? அதற்கு மவுஸை வைத்துவிட்டு நோட்டை எடுக்க வேண்டும்.