பாட்டு போய்ச் சேர்ந்தது, கூலி எங்கே?

அமெரிக்காவின் டெட்ராய்ட் நகரிலிருந்து 1970-இல் 'கோல்டு ஃபேக்ட்' என்ற இசைத்தொகுப்பு வெளிவந்தது. சிக்ஸ்டோ ரோட்ரிகஸின் முதல் தொகுப்பு அது. மெக்சிகோவிலிருந்து பிழைக்க வந்த குடும்பத்தின் ஆறாவது பிள்ளை அவர். கிதாரும் மிதக்கும் சைக்கடெலிக் ஒலிகளும் நம்மை உள்ளே இழுக்கும். உள்ளே போனால் வறுமை, போதை, நகரத்தை ஆள்பவர்கள் மீதான கோபம்.

அமெரிக்காவில் தொகுப்பு விலைபோகவில்லை. 1971-இல் வந்த இரண்டாவது தொகுப்புக்கும் அதே கதிதான். நிறுவனம் அவரைக் கைவிட்டது. 1975-இல் நிறுவனமே மூடப்பட்டது. ரோட்ரிகஸ் வீடு இடிக்கும் வேலைக்கும் கட்டட வேலைக்கும் போனார். உழைத்துக்கொண்டே தத்துவம் படித்து 1981-இல் பட்டம் வாங்கினார். டெட்ராய்ட் நகர மன்றத் தேர்தலில் நின்று தோற்றார்.

அதே காலத்தில் நிறவெறி ஆட்சி நடந்த தென்னாப்பிரிக்காவில் அவருடைய பாடல்கள் வீடுவீடாகப் பரவின. ஆட்சியை வெறுத்த வெள்ளை இளைஞர்கள் அவற்றைத் தங்கள் குரலாக எடுத்துக்கொண்டார்கள். 'சுகர் மேன்' பாடலை வானொலியில் ஒலிபரப்பத் தடை இருந்தது. பாடியவர் மேடையிலேயே தற்கொலை செய்துகொண்டார் என்று அங்கே பலர் நம்பினார்கள். அவர் டெட்ராய்ட்டில் செங்கல் சுமந்துகொண்டிருந்தார். 1998-இல்தான் அந்த மண்ணில் முதன்முதலாகப் பாடினார்.

இந்தக் கதையைச் சொன்ன 'சர்ச்சிங் ஃபார் சுகர் மேன்' ஆவணப்படம் 2013-இல் ஆஸ்கர் வாங்கியது. 1979-இலும் 1981-இலும் ஆஸ்திரேலியாவில் அவர் பாடிய நிகழ்ச்சிகளை அந்தப் படம் சொல்லாமல் விட்டது. சொன்னால் அற்புதத்தின் பளபளப்பு குறைந்துவிடும் அல்லவா!

நமக்கு அந்த அற்புதத்தில்தான் சிக்கல். விற்ற தட்டுகளுக்கான ராயல்டியை அமெரிக்காவுக்கு அனுப்பினோம் என்றார்கள் தென்னாப்பிரிக்க நிறுவனத்தார். தன் கைக்கு எதுவும் வரவில்லை என்றார் ரோட்ரிகஸ். இடையில் இருந்தவர்கள் யார், பணம் எங்கே நின்றது? இதைக் கேட்க வேண்டிய இடத்தில் 'தொலைந்த கலைஞன் கிடைத்தான்' என்று உலகம் கண்ணீர் விட்டது. உழைப்பின் பலன் பறிபோனதை விதியின் விளையாட்டாக மாற்றிச் சொன்னால், பறித்தவர் தப்பித்துக்கொள்வார். கட்டட வேலை செய்ததில் அவருக்கு எந்த இழிவும் இல்லை. செய்த இன்னொரு வேலைக்குக் கூலி வராததுதான் அநீதி.

பாடும், எழுதும் தம்பிகளே, தங்கைகளே! பாடலை எழுதி இசையமைத்ததற்கான உரிமை வேறு, ஒலிப்பதிவுக்கான உரிமை வேறு. ஒப்பந்தத்தில் இரண்டும் யார் பெயரில் இருக்கின்றன என்று பாருங்கள். எந்தெந்த நாட்டு விற்பனைக்குக் கணக்கு வரும், எத்தனை மாதத்துக்கு ஒருமுறை வரும் என்று கேளுங்கள். புரியாவிட்டால் ஒரு வழக்கறிஞரிடம் காட்டிவிட்டுக் கையெழுத்துப் போடுங்கள். நம் பாட்டன்மார் களத்துமேட்டில் அளந்து போட்ட நெல்லுக்குக் கணக்குக் கேட்க முடியாமல் நின்றார்கள். நாம் கேட்போம்.

ரோட்ரிகஸ் 2023 ஆகஸ்டில் காலமானார். 'கோல்டு ஃபேக்ட்' இன்றும் விற்கிறது. கேளுங்கள், அருமையான தொகுப்பு.