ரீலில் நிற்காத ஆட்டம்

பழைய விம்பிள்டன் செய்திப்படங்களில் நம் டென்னிஸ் வீரர் ராமநாதன் கிருஷ்ணனைத் தேடினால், பெரும்பாலும் அடுத்தவர் கதையில்தான் அகப்படுகிறார். 1960 அரையிறுதியில் நீல் ஃப்ரேசரிடம் தோற்றார். கோப்பை ஃப்ரேசருக்குப் போனது. 1961 அரையிறுதியில் ராட் லேவரிடம் தோற்றார்; கோப்பை லேவருக்கு. சாம்பியன் வந்த வழியைச் சொல்லும் படத்தில் நம் ஆள் வலைக்கு அந்தப் பக்கம், வெள்ளை உடையும் மர ராக்கெட்டுமாகச் சில நொடி வந்து போகிறார். லேவரைச் சந்திக்கும் முன் காலிறுதியில் ராய் எமர்சனை 6-1, 6-4, 6-4 என்று சாய்த்தாரே, அது முழுதாகப் பார்க்கக் கிடைத்தால் எனக்கு அன்றைக்குச் சோறு தண்ணீர் வேண்டாம்.

அவர் ஆட்டமே முழுதாகப் பார்க்க வேண்டியது. சர்வீஸில் வேகம் கிடையாது, எல்லாம் கைப்பதம். காலடிப்பேட்டைத் தெருமுனையில் கேரம் ஆடும் பையன்களிடம் சொன்னால் சட்டென்று புரியும். ஓங்கி அடிப்பவன் சத்தம் தெருவுக்கே கேட்கும்; ஸ்ட்ரைக்கரை லேசாகத் தட்டிக் காயைப் பாக்கெட்டுக்குள் நழுவ விடுபவன் அருமை, பலகையைச் சுற்றி நிற்பவர்களுக்குத்தான் தெரியும். ஓர் ஏஸ் இரண்டு நொடியில் படமாகிவிடும். எதிராளியை இங்கும் அங்கும் இழுத்து, கடைசியில் காலியிடத்தில் மெல்ல வைக்கிற பந்துக்கு, முன்னால் போன அத்தனை அடியும் வேண்டும். கத்தரியில் முதலில் போவது அதுதான்.

1966 டேவிஸ் கோப்பை, கல்கத்தா. பிரேசிலோடு 2-2. கடைசி ஆட்டத்தில் தாமஸ் காக்கிடம் கிருஷ்ணன் செட் கணக்கில் 1-2 பின்தங்கி, நான்காவதில் 2-5 என்று நின்றார். அங்கிருந்து 7-5, 6-2. இந்தியா முதல்முறையாக இறுதிக்குப் போனது அப்படித்தான். மெல்போர்னில் ஆஸ்திரேலியாவிடம் 4-1 என்று தோற்றோம். அந்த ஒரே வெற்றியும் நியூகோம்ப், ரோச் ஜோடிக்கு எதிராக ஜெய்தீப் முகர்ஜியும் இவரும் சேர்ந்து பெற்றது.

இந்த ஆட்டங்களை எங்கே தேடுவது? பழைய செய்திப்பட நிறுவனமான பிரிட்டிஷ் பாத்தே 2014இல் சுமார் 85,000 செய்திப்படங்களை யூடியூபில் ஏற்றி, யாரும் பார்க்கலாம் என்று திறந்துவிட்டது. சினிமா தொடங்குமுன் கொட்டகைதோறும் நியூஸ் ரீல் ஓட்டிய நம் ஃபிலிம்ஸ் டிவிஷன், 2022இல் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்தோடு இணைந்துவிட்டது. அதன் படப்பெட்டிகளில் உள்ள விளையாட்டுப் படங்களை, யார், எந்த நாள், எதிரே யார் என்று எழுதி, வெட்டாமல் வெளியிட வேண்டும். தேடுவதை அந்தக் கல்கத்தா ஆட்டத்திலிருந்து தொடங்கட்டும்.